கயிறு தளரக் கூடாது
வாசகர் கேள்வி – பதில்: நாய்ச் சறுக்குவண்டி

வடநார்வேயில் நாய்கள் இழுக்கும் சறுக்குவண்டியில் ஏற விரும்பும் வாசகர்கள் அனுப்பிய கேள்விகளில் அடிக்கடி வந்தவற்றைத் தேர்ந்து பதில் தந்திருக்கிறோம்.

கேள்வி: பள்ளி விடுமுறையைப் பார்த்தால் டிசம்பர்தான் தோது. ஆனால் டிரொம்ஸோவில் அப்போது சூரியனே வராது என்கிறார்கள். டிசம்பரில் போகலாமா, பிப்ரவரிவரை காத்திருக்கலாமா? உட்கார்ந்து போவதற்கும் நாமே ஓட்டுவதற்கும் என்ன வித்தியாசம்?
– வாசகி, அண்ணாநகர், சென்னை

பதில்: டிரொம்ஸோவில் நவம்பர் 27 வாக்கில் மறையும் சூரியன் ஜனவரி 15 வாக்கில்தான் மறுபடி எட்டிப் பார்க்கும். அதற்காக நாள் முழுக்கக் கும்மிருட்டு என்று நினைக்க வேண்டாம். நண்பகலை ஒட்டிச் சில மணி நேரம் நீல வெளிச்சம் இருக்கும். மற்ற நேரத்தில் தலைவிளக்கு கட்டிக்கொண்டு ஓட்டுவார்கள். டிசம்பரில் இருட்டைவிடப் பெரிய சிக்கல் பனிதான். கடலோர ஊர் என்பதால் திடீரென மழை பெய்து தடம் ஐஸாக இறுகிவிடும். ஐஸில் பிரேக் சரியாகப் பிடிக்காது, நாய்களின் பாதமும் கிழியும். அப்படிப்பட்ட நாளில் வண்டியை ரத்து செய்கிற நாய்ப் பண்ணையே நல்ல பண்ணை. வெளிச்சமும் உறுதியான பனியும் சேர்ந்து கிடைப்பது பிப்ரவரி நடுவிலிருந்து மார்ச் கடைசிவரை.

உட்கார்ந்து போகும் பயணத்தில் பின்னால் நின்று ஓட்டுவது பண்ணை ஆள். நாமே ஓட்டும் பயணத்தில் பெரும்பாலும் ஒரு வண்டிக்கு இரண்டு பேர்: ஒருவர் கூடையில் உட்கார, மற்றவர் பின்னால் நின்று ஓட்ட, பாதி வழியில் இடம் மாறிக்கொள்வார்கள். இதற்கு நான்கு முதல் ஆறு நாய்கள். சின்னக் குழந்தைகளோடு போனால் முதலாவதே சரி. திடகாத்திரமான பெரியவர்கள் என்றால் ஓட்டித்தான் பார்க்க வேண்டும். நாய்கள் என்ன செய்கின்றன என்பது பின்னால் நிற்கிறவருக்குத்தான் முழுதாகத் தெரியும்.

கேள்வி: நானே ஓட்டும் பயணத்துக்குப் பதிவு செய்துவிட்டேன். கடிவாளம் கிடையாதாமே! பிறகு எப்படித் திருப்புவது, எப்படி நிறுத்துவது? விழுந்தால் என்ன ஆகும்?
– வாசகர், ஒஸ்லோ

பதில்: உண்மைதான். மாட்டுக்கு மூக்கணாங்கயிறு உண்டு, குதிரைக்குக் கடிவாளம் உண்டு. இந்த நாய்களுக்கு இரண்டும் இல்லை. முன்னால் ஓடும் தலைமை நாய்களுக்குச் சொல்தான் கட்டளை. ‘ஜீ’ என்றால் வலம், ‘ஹா’ என்றால் இடம். விருந்தினர் ஓட்டும் வண்டிகள் வழிகாட்டியின் வண்டிக்குப் பின்னால் போவதால், திருப்பும் கவலை உங்களுக்கு இல்லை. உங்கள் வேலை மூன்று: நிற்பது, பிரேக் போடுவது, கைப்பிடியை விடாமல் இருப்பது.

முதலில் கயிறுகளைப் பாருங்கள். வண்டியிலிருந்து ஒரு நடுக்கயிறு முன்னே ஓடும். ஒவ்வொரு நாயின் ஹார்னஸ் (நாயின் உடம்பில் மாட்டும் இழுவைப் பட்டை) முடிகிற வால்பக்கத்திலிருந்து ஓர் இழுகயிறு அதில் மாட்டப்பட்டிருக்கும். கழுத்துப்பட்டையிலிருந்து ஒரு சிறு கயிறும் இருக்கும். இழுப்பது முழுவதும் இழுகயிற்றில்தான். கழுத்துக்கயிறு நாயை வரிசையில் வைத்திருக்க மட்டுமே. இழுகயிறுகள் எல்லாம் விறைப்பாக இருக்கும்வரை எல்லாம் நலம். தளர்ந்தால் இரண்டு ஆபத்து: தொங்கும் கயிறு நாயின் பின்னங்காலில் சுற்றி, அடுத்த இழுப்பில் காலை முறுக்கும், அல்லது வண்டி முன்னே வழுக்கி, அதற்கு மிக அருகில் ஓடும் கடைசி இணை நாய்களை இடித்துவிடும். இறக்கத்தில்தான் இது நடக்கும். அதனால் இறக்கம் தொடங்கும் முன்பே ஒரு காலை எடுத்து, பின்னால் இழுபடும் ரப்பர் பாயின் மேல் வையுங்கள். வேகத்தைக் கொஞ்சம் உறிஞ்சுவதற்கு இந்தப் பாய். முழுதாக நிறுத்துவதற்கு உள்ளது இரும்பு நகங்கள் கொண்ட பிரேக். இரண்டு காலாலும் ஏறி நின்றால்தான் பனியில் இறங்கும். ஒரு காலால் லேசாக மிதித்துவிட்டு “நிற்கவில்லையே” என்று பதறுவதுதான் புதியவர்கள் செய்கிற தவறு. ஐந்தாறு ஹஸ்கி நாய்கள் சேர்ந்து இழுக்கும்போது உங்கள் முழு எடையும் அங்கே தேவை.

நின்ற பிறகும் பிரேக்கிலிருந்து இறங்கக் கூடாது. கைப்பிடி அருகே பனி நங்கூரம் இருக்கும்: இரண்டு கூர்முனை கொண்ட கனத்த இரும்புக் கொக்கி. ஒரு கால் பிரேக்கில் இருக்க, நங்கூரத்தைப் பனியில் வைத்து, மறுகாலால் மிதித்து இறக்குங்கள். பிறகு பிரேக்கை மெதுவாகத் தளர்த்தினால் நாய்களின் இழுப்பே அதை இன்னும் ஆழமாகக் கொண்டுபோகும். புதுப்பனியில் அது பிடிக்காமல் உருவிக்கொண்டு வரும். அப்போது வழிகாட்டி வரும்வரை பிரேக் மேலேயே நில்லுங்கள். ஓடும்போது நங்கூரம் அதன் உறையில் இருக்கிறதா என்று ஒரு பார்வை பார்த்துக்கொள்ளுங்கள். வெளியே தொங்கித் துள்ளினால் உங்கள் முழங்காலில்தான் அடிக்கும்.

திருப்பத்தில் முழங்காலை மடக்கி, நீங்கள் நிற்கும் இரண்டு சறுக்குப் பட்டைகளில் உட்பக்கத்துப் பட்டையில் எடையைச் சாய்க்க வேண்டும். விறைத்து நின்றால் வண்டி வெளிப்பக்கம் கவிழும். மேட்டில் ஒரு காலால் தரையை உந்தி உதவுங்கள். உதவாவிட்டால் சில நாய்கள் திரும்பி உங்களையே பார்க்கும்!

விழுந்தால் கைப்பிடியை விடாதீர்கள். கவிழ்ந்த வண்டியோடு நீங்களும் இழுபடும்போது அந்தப் பாரமே வேகத்தைக் குறைக்கும். சத்தம் போட்டால் முன்னால் போகிறவர் நிறுத்துவார். கையை விட்டால் நாய்கள் நிற்கப் போவதில்லை. கூடையில் இருப்பவருக்குப் பிரேக் எட்டாது என்பதை நினைவில் வையுங்கள். மரத்தில் மோதப் போகும் நிலையில் மட்டும் இந்த விதி பொருந்தாது; அங்கே உயிர்தான் முதல்.

கேள்வி: படங்களில் பார்த்தால் நாய்கள் ஒல்லியாக, சங்கிலியில் கட்டப்பட்டு, வெறிபிடித்தது போல் கத்துகின்றன. இது வதை இல்லையா? போவதற்கே மனம் ஒப்பவில்லை.
– வாசகி, கோயம்புத்தூர்

பதில்: இந்தக் கேள்வியை எல்லோரும் கேட்க வேண்டும். அதனால் விரிவாகவே சொல்கிறோம்.

பண்ணைகளில் நீங்கள் அதிகம் காண்பது அலாஸ்கன் ஹஸ்கி. காட்சிப் போட்டிக்கான தனி இனம் அல்ல; ஓட்டத்துக்காகவே தலைமுறை தலைமுறையாகக் கலந்து வளர்க்கப்பட்டது. பெரும்பாலும் 20 முதல் 27 கிலோதான் இருக்கும். நீலக்கண், பஞ்சு ரோமம் எல்லாம் எல்லாவற்றுக்கும் இராது. ஆகவே ஒல்லியாக இருப்பது மட்டுமே பட்டினிக்கு அடையாளம் அல்ல. அனுமதி கேட்டு விலாவில் விரல் வைத்துப் பாருங்கள். மெல்லிய சதைக்கு அடியில் விலா தட்டுப்பட்டால் அது ஓட்டக்கார உடம்பு. இடுப்பெலும்பு கூர்மையாகத் துருத்தி, ரோமமும் மங்கியிருந்தால் தீனி போதவில்லை.

சத்தத்துக்கு வருவோம். ஹார்னஸை எடுத்ததுமே கூச்சல் தொடங்கும். துள்ளும், கயிற்றைக் கடிக்கும். “என்னையும் கூட்டிப் போ” என்கிற கூச்சல் அது. நங்கூரத்தை எடுத்து வண்டி நகர்ந்த மறுநொடியே மொத்தமும் அடங்கி, பாதங்களின் ஓசையும் பனியில் பட்டை உரசும் ஓசையும் மட்டும் மிஞ்சும். ஹார்னஸைக் கண்டதும் ஒரு நாய் பின்வாங்கி ஒடுங்கினால் அதைக் கவனியுங்கள், காரணம் கேளுங்கள். வலியோ களைப்போ இருக்கலாம்.

வேறு என்னென்ன பார்க்கலாம்? நாய்வீடு தரையிலிருந்து உயர்ந்திருக்க வேண்டும். உள்ளே வைக்கோல் வேண்டும். துணி ஈரம் பிடித்து உறைந்துவிடும், வைக்கோல் அப்படி அல்ல. கழிவு அன்றாடம் அள்ளப்படுகிறதா என்பது மூக்குக்கே தெரியும். முன்னங்கால் அக்குளில் ரோமம் தேய்ந்து தோல் சிவந்திருந்தால் ஹார்னஸ் அளவு சரியில்லை. விரலிடுக்கில் வெடிப்பு இருந்தால் காலுறை போடாமல் ஓட்டியிருக்கிறார்கள். சங்கிலியில் கட்டும் பண்ணைகளும் உண்டு, கம்பி வேலிக்குள் இரண்டு மூன்றாக விடும் பண்ணைகளும் உண்டு. எதுவானாலும், ஓடாத நாளில் அவிழ்த்து விளையாட விடுகிறார்களா என்பதைக் கேளுங்கள்.

பதிவு செய்யும் முன் மூன்று கேள்விகள் போதும். ஒரு நாய் ஒரு நாளில் எத்தனை சுற்று ஓடுகிறது? ஓய்வு நாள் எப்போது? வயதான நாய்கள் எங்கே போகின்றன? மூன்றாவதுதான் முக்கியம். 2010இல் கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியாவில், குளிர்கால ஒலிம்பிக் முடிந்து பயணிகள் குறைந்ததும், ஒரு சுற்றுலா நிறுவனத்தின் நாய்கள் கூட்டமாகக் கொல்லப்பட்டன. 2011இல் அது வெளியே தெரிந்து, அந்த மாகாணம் விலங்கு வதைத் தடுப்புச் சட்டத்தையே கடுமையாக்கியது. நல்ல பண்ணைக்காரர் கிழ நாய்களை ஒளித்து வைக்க மாட்டார். எந்த நாயைக் காட்டினாலும் அதன் பெயரும் வயதும் குணமும் தாளைப் பார்க்காமல் சொல்வார்.

தீனி பற்றியும் ஒரு வார்த்தை. நெடுந்தூரப் போட்டியில் ஓடும் நாய்க்கு நாளொன்றுக்கு 10,000 கலோரி வரை தேவைப்படும்; சுற்றுலா வண்டி நாய்க்கு அவ்வளவு வேண்டாம், ஆனாலும் கொழுப்பும் இறைச்சியும் தாராளமாக வேண்டும். குளிரில் வெறும் தண்ணீரை அவை சரியாகக் குடிக்காது. இறைச்சியும் கொழுப்பும் கலந்த வெதுவெதுப்பான சாறாகக் கொடுப்பார்கள். ஓடப்போகும் நேரத்தில் வயிறு நிறையத் தீனி வைப்பதில்லை. வாந்தி எடுக்கும், இரைப்பை முறுக்கிக்கொள்ளும் அபாயமும் உண்டு. அதனால்தான் உங்கள் கையில் இருக்கும் பிஸ்கட்டையும் கொடுக்கக் கூடாது.

கேள்வி: என்ன உடை? ஜீன்ஸும் இரண்டு சாக்ஸும் போதுமா?
– வாசகர், மதுரை

பதில்: ஜீன்ஸ் வேண்டவே வேண்டாம். பருத்தி வியர்வையை உறிஞ்சி வைத்துக்கொள்ளும், நின்றதும் குளிரும். உள்ளே கம்பளி, நடுவே ஃப்ளீஸ், மேலே காற்றுப் புகாத உறை. மேலுடையையும் காலணியையும் பெரும்பாலான பண்ணைகள் தந்துவிடும். காலணியை ஓரளவு பெரிதாகக் கேளுங்கள், தடித்த கம்பளிக் காலுறை ஒன்றே போதும். இரண்டைத் திணித்தால் ரத்த ஓட்டம் தடைபட்டு விரல் விறைக்கும். விரல் தனித்தனியாக உள்ள கையுறையைவிட விரல்கள் ஒன்றாகச் சேர்ந்திருக்கும் கையுறை சூடானது. மூக்குத்தியும் தோடும் வெளியே தெரியாதபடி மூடுங்கள், அல்லது கழற்றி வையுங்கள்; உலோகம் தோலைச் சுடுவது போல் குளிர்விக்கும்.

மைனஸ் 20 டிகிரியில் மணிக்கு 20 கி.மீ. காற்று அடித்தால் முகத்துக்கு அது மைனஸ் 30 போல் உறைக்கும். ஓட்டுகிறவருக்கு உடல் அசைவால் சூடு வரும். கூடையில் அசையாமல் இருப்பவர்தான் நடுங்குவார். அம்மாவையோ குழந்தையையோ உட்கார வைத்தால் மேலே ஒரு கம்பளியும் போர்த்துங்கள். மூக்கு நுனியோ கன்னமோ வெளுத்தால் உடனே சொல்லுங்கள்; தேய்க்காமல் வெறுங்கையால் மூடிச் சூடாக்க வேண்டும்.

கேள்வி: எனக்கு வயது 67. முதுகில் சத்திரசிகிச்சை செய்து இரண்டு வருசம். மகளோடு போக ஆசை. ஏறலாமா?
– வாசகர், யாழ்ப்பாணம்

பதில்: வேண்டாம் ஐயா. கூடை தரையோடு ஒட்டியது, ஸ்பிரிங் கிடையாது. ஒவ்வொரு மேடும் நேரே முதுகெலும்பில்தான் ஏறும். கர்ப்பிணிகளுக்கும் இதே பதில். வண்டியில் ஏறாமல் பண்ணையைச் சுற்றிப் பார்த்து, நாய்களோடு இருந்துவிட்டு வரும் தனிப் பயணம் பல இடங்களில் உண்டு. மகள் வண்டி ஓட்டிவிட்டு வரும்வரை குட்டிகளோடு இருக்கலாம்.

கேள்வி: வண்டியில் பூட்ட நாமும் உதவலாமாமே? நாய் கடிக்காதா?
– கல்லூரி மாணவி, திருச்சி

பதில்: மனிதரைக் கடிப்பது மிக அரிது, ஆசையில் மேலே தாவி உங்களைத் தள்ளிவிடுவதே அதிகம். நாயை உங்கள் இரு முழங்கால்களுக்கு நடுவே நிறுத்தி, ஹார்னஸின் கழுத்து வளையத்தைத் தலைவழியே இறக்குங்கள். பிறகு முன்னங்கால்களை ஒவ்வொன்றாக மடக்கி உள்ளே நுழைத்து வெளியே எடுங்கள். அழைத்துப் போகும்போது கழுத்துப்பட்டையைப் பிடித்து முன்னங்கால்கள் தரையில் படாத அளவுக்குத் தூக்குங்கள். நான்கு காலில் இழுத்தால் உங்களால் பிடிக்க முடியாது. இரண்டு காலில் அதன் பலம் பாதிதான். முதலில் தலைமை நாய்களைப் பூட்டுவார்கள். அவை முன்னால் நின்று நடுக்கயிற்றை விறைப்பாக வைத்திருந்தால் பின்னால் வருபவை சிக்கிக்கொள்ளாது.

இன்னொன்று: ஓடிக்கொண்டே மலம் கழிக்கும். காற்று உங்கள் பக்கம் வீசும். கழுத்துத்துணியை மூக்குவரை ஏற்றிக்கொள்ளுங்கள்.

கேள்வி: ஆகஸ்டில் போகிறோம். பனி இராதே?
– வாசகர், சிங்கப்பூர்

பதில்: சக்கர வண்டி உண்டு, ஆனால் குளிர்ந்த நாளில் மட்டும். ரோமம் அடர்ந்த இந்த நாய்கள் பாதத்தைத் தவிர மற்ற இடங்களில் வியர்ப்பதில்லை. இரைத்துத்தான் சூட்டை வெளியேற்றும். 15 டிகிரி தாண்டிய நாளில் இழுக்க விட்டால் வெப்பத்தாக்கு வரலாம். அப்படிப்பட்ட நாளிலும் வண்டி ஓட்டத் தயார் என்று யாராவது சொன்னால் அங்கே போகாதீர்கள். கோடையில் நாயை இடுப்புவாரில் கட்டிக்கொண்டு மலையேறும் நடை நன்றாக இருக்கும்.

கேள்வி: நாங்கள் சைவம். கூடாரத்தில் சாப்பாடு தருகிறார்களாம், என்ன இருக்கும்?
– வாசகி, கும்பகோணம்

பதில்: பெரும்பாலும் நெருப்பைச் சுற்றி உட்கார்ந்து சாப்பிடும் சூடான சூப். வடநார்வேயின் பூர்வகுடிகளான சாமி மக்களின் ‘பிடோஸ்’ என்றால் அது கலைமான் இறைச்சியில் செய்தது. பதிவு செய்யும்போதே “இறைச்சி, மீன் இரண்டும் கிடையாது” என்று எழுதிவிடுங்கள். பலர் மீனைச் சைவத்தில் சேர்த்துவிடுவார்கள். கையில் கொஞ்சம் முந்திரியும் பேரீச்சையும் இருக்கட்டும். சாக்லேட் கொண்டுபோனால் ஜிப் போட்ட பையில் வையுங்கள், அது நாய்களுக்கு நஞ்சு.