கேம் திறந்தால் "டி3டிஎக்ஸ்9_43.டிஎல்எல் இல்லை" என்று வருகிறது. அந்த ஒரு கோப்பை மட்டும் இணையத்தில் இறக்கி விண்டோஸின் சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டால் போதுமா?

போடாதீர்கள். இந்நேரம் போட்டிருந்தால் அந்த ஒரு கோப்பை அழித்துவிட்டு மேலே படியுங்கள்.

உங்களிடம் இருப்பது பழைய கேம், நண்பர் யாரோ பென்டிரைவில் ஃபோல்டரோடு கொடுத்தது என்று நினைக்கிறேன். எனக்கு நடந்ததும் அதுதான். 2012, திருநெல்வேலி. நான் டிப்ளமோ படிக்க அப்பா தவணையில் வாங்கித் தந்த அசெம்பிள்டு கம்ப்யூட்டர். தம்பி ஒரு கார் ரேஸ் கேமை காப்பி செய்து கொண்டுவந்தான். இதே பிழை வந்தது.

டிஎல்எல் கோப்புகளை, அதாவது புரோகிராம்கள் ஓடும்போது துணைக்கு அழைக்கும் கோப்புகளை, இலவசமாகத் தருவதாகச் சொல்லும் ஒரு தளத்தில் இறக்கி சிஸ்டம்32-ல் போட்டேன். இப்போது வேறு பிழை, 000007பி என்று முடிகிற எண். காரணம் பின்னால்தான் புரிந்தது. புரோகிராம்களில் 32 பிட், 64 பிட் என்று இரண்டு வகை உண்டு. கேமும் அது எடுக்கும் டிஎல்எல்லும் ஒரே வகையாக இல்லாவிட்டால் இந்தப் பிழை வரும். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்ற பெயருள்ள இடத்தில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் இருப்பது சிஸ்வாவ்64 என்ற இன்னொரு ஃபோல்டரில். பெயரைப் பார்த்தால் நேர்மாறாகத்தான் தோன்றும். அதோடு விடாமல், "எல்லா டிஎல்எல்லையும் சரிசெய்யும்" என்று இன்னொரு தளம் கொடுத்த புரோகிராமையும் ஓட்டினேன். பிரவுசரைத் திறந்தாலே விளம்பரம், கம்ப்யூட்டர் நகரவே இல்லை.

அப்பா அதைத் தூக்கிக்கொண்டு ஒரு சர்வீஸ் கடைக்குப் போனார். கிராபிக்ஸ் கார்டு போய்விட்டது என்றார்கள். புது கார்டு 3,800 ரூபாய். ஃபார்மட்டும் அடித்துவிட்டார்கள், என் புராஜெக்ட் போனது. வீட்டுக்கு வந்து கேமைத் திறந்தால் அதே பழைய பிழை.

கல்லூரி லேப்பில் இருந்த அண்ணன்தான் விளக்கினார். இந்தக் கோப்புக்கும் கார்டுக்கும் சம்பந்தமே இல்லை. படங்களை ஏற்றுவது, முப்பரிமாணக் கணக்குப் போடுவது மாதிரியான வேலைகளை ஒவ்வொரு கேம் கம்பெனியும் புதிதாக எழுதாமல் இருக்க மைக்ரோசாப்ட் கொடுத்த துணைக் கோப்பு அது. 2005 தொடக்கத்தில் 24 என்ற எண்ணோடு ஆரம்பித்து 2010 ஜூனில் 43-ல் முடிந்தது. எந்த எண்ணை வைத்து கேமை உருவாக்கினார்களோ அதையேதான் அது கேட்கும். 42 இருந்தாலும் 43-க்கு ஆகாது. விண்டோஸோடு இது வராது. கேம்கள் படம் காட்டப் பயன்படுத்தும் டைரக்ட்எக்ஸ் விண்டோஸிலேயே இருக்கிறது, அதுவும் 12 இருக்கிறதே என்று நீங்கள் சொன்னாலும் இது தனி. கேமை முறையாக இன்ஸ்டால் செய்தால் கூடவே ஏறிவிடும். பென்டிரைவில் ஃபோல்டரை மட்டும் காப்பி செய்தால் எப்படி ஏறும்?

அண்ணன் கொடுத்தது மைக்ரோசாப்டின் டைரக்ட்எக்ஸ் 2010 ஜூன் தொகுப்பு, சுமார் 95 எம்பி. முதலில் ஓட்டினால் அது எந்த ஃபோல்டரில் விரிக்க வேண்டும் என்று மட்டும்தான் கேட்கும். பலர் அதோடு முடிந்தது என்று விட்டுவிடுகிறார்கள். விரிந்த ஃபோல்டருக்குள் போய் டிஎக்ஸ்செட்டப்பை ஓட்ட வேண்டும். 32 பிட், 64 பிட் எல்லாம் அதனதன் இடத்தில் அதுவே வைத்துவிடும். எனக்கு ஐந்து நிமிடம் ஆகவில்லை. பழைய கார்டையே திரும்ப மாட்டிப் பார்த்தோம். கேம் ஓடியது. அப்பா அன்று ஒன்றும் பேசவில்லை.

"நான் ஒற்றைக் கோப்பைத்தான் போட்டேன், நன்றாக ஓடுகிறதே" என்று யாராவது கீழே எழுதுவார்கள். ஓடலாம், மறுக்கவில்லை. ஆனால் டிஎல்எல் என்பது படமோ பாட்டோ இல்லை, அதுவும் ஓடுகிற புரோகிராம்தான். கேமுக்கு என்ன அனுமதி உண்டோ அதெல்லாம் அதற்கும் உண்டு. முன்பின் தெரியாத தளத்திலிருந்து அதை ஏன் எடுக்க வேண்டும்? கேமுக்குப் போய் இவ்வளவா என்பவர்களுக்கு: போனது கேம் இல்லை, எங்கள் வீட்டின் 3,800 ரூபாய்.

கேட்டதற்குச் சம்பந்தம் இல்லைதான், இருந்தாலும் சொல்கிறேன். அந்தக் கடையில் பில் தரவில்லை. திரும்பப் போய்க் கேட்டபோது, "எங்க கடையில மாத்துனதுக்கு என்ன ஆதாரம்?" என்றார்கள். அப்பா வயதில் இருப்பவரிடம் அப்படிப் பேசினார்கள். இன்றும் எத்தனையோ கடைகளில் பில் கேட்டால் "வரி சேரும், பரவாயில்லையா?" என்றுதான் பதில் வருகிறது. அந்த வரியைக் கட்டியாவது பில் வாங்கிவிடுங்கள். கம்ப்யூட்டரைக் கடையில் விடும் முன் உள்ளே இருக்கும் கார்டின் சீரியல் எண்ணை போனில் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.