கேள்வி – பதில்: கல்லும் மரபணுவும்

கேள்வி: என் மகள் ஆறாம் படிவம் படிக்கிறாள். மரபணு ஆராய்ச்சிக்குத்தான் போவேன் என்கிறாள். ஆனால் வீட்டில் வாசிப்பதெல்லாம் பாறை, பனிப்பாறை, பழைய கடல் பற்றிய புத்தகங்கள். இரண்டுக்கும் என்ன சம்பந்தம் ஐயா? – வாசகி, பட்டர்வொர்த்

பதில்: நிறைய இருக்கிறது அம்மா. ஃபெர்ரியில் ஜார்ஜ்டவுனுக்குப் போகும்போது நீங்கள் கடக்கிற நீரிணை, சுமார் 20,000 ஆண்டுகளுக்கு முன் வெறும் தரை. பனியுகத்தின் உச்சத்தில் கடல்மட்டம் இன்றைவிட 120 மீட்டர் அளவுக்குத் தாழ்ந்திருந்தது. நம் மலாய் தீபகற்பம், சுமத்ரா, ஜாவா, போர்னியோ எல்லாம் ஒரே நிலம். அதில் ஓடிய ஆறுகள் கடலுக்கடியில் போய்விட்டன. ஆனால் இங்கேயும் போர்னியோவிலும் இன்று பிரிந்து வாழும் சில நன்னீர் மீன்களின் மரபணுவில் அந்தப் பழைய உறவு இன்னும் தெரிகிறது.

எனக்கு ரொம்பப் பிடித்தது அண்டார்டிகா ஆக்டோபஸ் கதை. மேற்கு அண்டார்டிகாவின் பெரும் பனிப்படலத்துக்கு ஒரு பக்கம் வெடல் கடல், மறுபக்கம் ராஸ் கடல். இந்த ஆக்டோபஸ் கடலடியிலேயே ஊர்ந்து வாழ்வது, தூரம் போகாது. பல பத்தாண்டுகளாகச் சேகரித்த மாதிரிகளின் மரபணுவைப் படித்தவர்கள் 2023இல் முடிவை வெளியிட்டார்கள்: சுமார் 1,25,000 ஆண்டுகளுக்கு முன் இரு பக்கத்து ஆக்டோபஸ்களும் கலந்து இனம் பெருக்கியிருக்கின்றன. நடுவில் பனி இருந்தால் அது முடியாது. அன்று அந்தப் பனி சரிந்து, அங்கே கடல் திறந்திருக்க வேண்டும். அப்போது பூமி இன்றைய அளவுக்கோ சற்று அதிகமாகவோதான் சூடாக இருந்தது. நிலவியலாளர்கள் நெடுங்காலம் வாதிட்ட கேள்விக்கு ஓர் உயிரின் உடம்பிலிருந்து சாட்சி வந்திருக்கிறது! அந்தப் பனி மறுபடி சரிந்தால் கடல் 3 மீட்டருக்கு மேல் உயரும். பினாங்கிலும் செபராங் பிறையிலும் கரையோரம் வாழ்கிற நமக்கு இது தூரத்துச் சேதி இல்லை.

சரி, மரபணுவுக்குக் கல் எதற்கு? இரண்டு உயிரினங்கள் எவ்வளவு வேறுபட்டுவிட்டன என்று மரபணு சொல்லும். எத்தனை ஆண்டு ஆயிற்று என்று தனியாகச் சொல்லாது. வட அமெரிக்காவையும் தென் அமெரிக்காவையும் இணைக்கிற பனாமா நிலப்பாலம் சுமார் 30 லட்சம் ஆண்டுகளுக்கு முன் எழுந்து இரு கடல்களைப் பிரித்தது. அதன் இரு பக்கமும் பிரிந்துபோன இறால் வகைகளை ஒப்பிட்டுத்தான் மரபணு மாற்றத்தின் வேகத்தைக் கணக்கிட்டார்கள். அந்தத் தேதியைக் கொடுத்தவை பாறையும் புதைபடிவமும்.

அதனால் மகளைத் தடுக்காதீர்கள். பல்கலைக்கழகத்துக்கு விண்ணப்பிக்கும்போது, உயிரியல் பட்டப்படிப்போடு நிலவியல் பாடங்களையும் எடுக்க முடியுமா என்று முதலிலேயே கேட்கச் சொல்லுங்கள். அப்புறம், கணிதத்தை விட்டுவிட வேண்டாம். இரண்டு துறைக்கும் அது வேண்டும்.