வாசகர் கேள்விகள்: பட்டத்தில் ஒட்டியிருந்த படம்

குழந்தைகளோடு உட்கார்ந்து பார்க்க ஒரு படம் சொல்லுங்கள் என்று கேட்டவருக்கு, போன இதழில் 'மேரி பாப்பின்ஸ் ரிட்டர்ன்ஸ்' என்று ஒரே வரியில் பதில் சொல்லியிருந்தேன். 2018-இல் வந்த படம், 1964-இல் வந்த 'மேரி பாப்பின்ஸ்' படத்தின் தொடர்ச்சி. மேரி பாப்பின்ஸ் என்பவர் குழந்தைகளைப் பார்த்துக்கொள்ள வருகிற, மந்திரம் தெரிந்த ஆயா. அந்த ஒரு வரிக்கு இத்தனை கடிதங்கள் வரும் என்று நினைக்கவில்லை. அவற்றில் ஐந்து இங்கே.

கேள்வி: என் அக்கா இறந்து எட்டு மாதம் ஆகிறது. அவளுடைய பிள்ளைகள், ஏழு வயதுப் பையனும் பத்து வயதுப் பெண்ணும், இப்போது எங்களோடு இருக்கிறார்கள். நீங்கள் சொன்ன படத்தில் அம்மா இல்லாத குழந்தைகள் வருகிறார்களாமே, அவர்களுக்குக் காட்டலாமா? (வாசகி, கும்பகோணம்)

பதில்: காட்டலாம், சகோதரி. ஆனால் முதலில் நீங்கள் மட்டும் ஒருமுறை பார்த்துவிடுங்கள். அப்புறம் பிள்ளைகளிடம் ஒன்றை முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்: இந்தக் கதையில் அம்மா திரும்பி வரமாட்டார். மந்திரம் நடக்கிற கதை என்றால் ஏழு வயதுப் பையன், கடைசிக் காட்சியிலாவது அம்மாவைக் கொண்டுவந்து நிறுத்திவிடுவார்கள் என்று காத்துக்கொண்டே இருப்பான். அந்த ஏமாற்றம் அவனுக்கு வரக்கூடாது.

கதை 1935-இல் லண்டனில் நடக்கிறது, பொருளாதார மந்தத்தில் ஊரே தவித்த காலம். முதல் படத்தில் சின்னப் பையனாக வந்த மைக்கேல் பேங்க்ஸுக்கு இப்போது மூன்று பிள்ளைகள். மனைவி கேட் இறந்து ஒரு வருஷம். ஓவியம்தான் அவருக்கு உயிர், பிழைப்புக்கு வங்கியில் பகுதி நேர வேலை. வீட்டுக் கணக்கு வழக்கு எல்லாம் மனைவி பார்த்துக்கொண்டிருந்தது, இவருக்கு எதுவும் பிடிபடவில்லை, கடன் தவணை தவறிப்போய் வெள்ளிக்கிழமை நள்ளிரவுக்குள் முழுப் பணத்தையும் கட்டாவிட்டால் வீடு கைவிட்டுப் போகும் என்ற நிலை. பெரிய பிள்ளைகள் அனபெல்லும் ஜானும் கடைக்குப் போவதும் தம்பி ஜார்ஜியைக் கவனிப்பதுமாகப் பெரியவர்கள் மாதிரியே ஆகிவிட்டார்கள். உங்கள் பத்து வயதுப் பெண்ணும் இப்படி ஆகியிருக்கிறாளா என்று பாருங்கள். பொறுப்பான பெண் என்று எல்லாரும் பாராட்டுவார்கள், ஆனால் அந்தப் பொறுப்புக்குள்ளே அழாமல் வைத்திருக்கிற அழுகை இருக்கும்.

ஒரு காட்சி மட்டும் பயமுறுத்தும். அம்மாவுடைய பீங்கான் கிண்ணம் விரிசல் விட்டுவிட, அதில் தீட்டியிருக்கிற ஓவியத்துக்குள்ளேயே பிள்ளைகள் போய்விடுகிறார்கள், அங்கே ஓர் ஓநாய் அவர்கள் வீட்டுச் சாமான்களைத் தூக்கிக்கொண்டு போகிறது, சின்னவனையும் சேர்த்து. அப்போது பையனைப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொள்ளுங்கள். அது முடிந்ததும் ஒரு தாலாட்டு வரும். தொலைந்துபோனது எதுவும் இல்லாமல் போய்விடுவதில்லை, எங்கோ ஓர் இடத்தில் இருக்கிறது என்று சொல்கிற பாட்டு. அங்கே நிறுத்தச் சொன்னால் நிறுத்துங்கள், பேசச் சொன்னால் பேசுங்கள்.

எனக்கு ஒன்பது வயதில் அப்பா இறந்தார். அந்த வருஷம் எங்களுக்குப் பண்டிகை கிடையாது, ரேடியோ கிடையாது, அதெல்லாம் சரி, ஆனால் அவர் பெயரையே வீட்டில் யாரும் எடுக்கவில்லை. எடுத்தால் நாங்கள் அழுவோம் என்று பெரியவர்கள் பயந்தார்கள். பல மாதம் கழித்து ரேஷன் கடையில் கார்டைப் பார்த்து யாரோ அவர் பெயரைச் சத்தமாகக் கூப்பிட்டபோதுதான் நான் மறுபடி அதைக் கேட்டேன். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அதனால்தான் சொல்கிறேன், அக்காவின் பெயரை வீட்டில் தாராளமாகச் சொல்லுங்கள், இந்தப் படம் அதற்கு ஒரு சாக்காக இருந்தால்கூடப் போதும்.

கேள்வி: பழைய படத்தைப் பார்க்காமல் இதைப் பார்த்தால் புரியுமா? (கல்லூரி மாணவர், திருநெல்வேலி)

பதில்: புரியும். ஆனால் 1964-இல் வந்த முதல் படத்தைப் பார்த்துவிட்டு வந்தால், அதில் சிறுவன் மைக்கேல் கையில் வைத்திருக்கும் இரண்டு பென்னி காசை மறக்கமாட்டீர்கள். அந்த இரண்டு பென்னி இதில் திரும்பி வருகிறது.

கேள்வி: முதல் படத்தில் மேரி பாப்பின்ஸாக நடித்த ஜூலி ஆண்ட்ரூஸ் பாடியதைக் கேட்டு வளர்ந்தவள் நான். புதுப் பாட்டு எதுவுமே மனசில் நிற்கவில்லையே? (ஓய்வுபெற்ற ஆசிரியை, மதுரை)

பதில்: டீச்சர், பாதி ஒத்துக்கொள்கிறேன். முதல் படத்துக்கு ஷெர்மன் சகோதரர்கள் எழுதிய பாட்டுகள் ஒரு தடவை கேட்டாலே வாயில் ஒட்டிக்கொள்ளும். மார்க் ஷைமனும் ஸ்காட் விட்மனும் எழுதிய புதுப் பாட்டுகளில், தெருவிளக்கு ஏற்றுபவர்கள் கூட்டமாக ஆடுகிற நீளமான பாட்டு எனக்கும் கொஞ்சம் களைப்பாகத்தான் இருந்தது. ஆனால் இரண்டு பாட்டுகளுக்காக நான் சண்டை போடுவேன். ஒன்று, பரண் அறையில் மைக்கேல் தனியாக நின்று இறந்த மனைவியோடு பேசுகிற மாதிரி பாடுவது. மைக்கேலாக நடித்த பென் விஷா அதைப் பாடகர் மாதிரி பாடவில்லை, பாதியில் தொண்டை அடைத்துக்கொண்டவர் மாதிரி பாடுகிறார். இன்னொன்று மேலே சொன்ன தாலாட்டு, ஆஸ்கர் பரிந்துரை வரைக்கும் போனது. மேரி பாப்பின்ஸாக வரும் எமிலி பிளன்ட் அதைப் பிள்ளைகளுக்காகப் பாடுகிறார். பிறகு ஒரு நாள் அப்பா பொறுமையிழந்து பிள்ளைகளைத் திட்டித் தீர்த்துவிட்டு உடைந்துபோய் உட்காரும்போது, அந்தப் பாட்டையே பிள்ளைகள் அவருக்குப் பாடுகிறார்கள். அந்த இடத்தை மட்டும் இன்னொரு முறை கேட்டுப் பாருங்கள்.

கேள்வி: குடையைப் பிடித்துக்கொண்டு வானத்திலிருந்து இறங்குகிறவருக்கு ஒரு வங்கிக் கடனை அடைக்கத் தெரியாதா? முதல் நாளே அடைத்திருந்தால் படமே தேவையில்லையே. (வாசகர், கோயம்புத்தூர்)

பதில்: நல்ல கேள்வி, என் தம்பி மகளும் இதையேதான் கேட்டாள். மேரி பாப்பின்ஸ் பணத்துக்காக வரவில்லை. பேங்க்ஸ் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ள வந்திருக்கிறேன் என்கிறார், அந்தப் பிள்ளைகளில் வளர்ந்து பெரியவரான மைக்கேலும் அவர் அக்கா ஜேனும் அடக்கம். சின்ன வயசில் கண்ணால் பார்த்த மந்திரத்தையெல்லாம் வெறும் கற்பனை என்று தங்களுக்குத் தாங்களே சொல்லிக்கொண்டு வளர்ந்தவர்கள் இவர்கள் இரண்டு பேரும். கடனை அடைத்துவிட்டுப் போயிருந்தால் வீடு மிஞ்சியிருக்கும், உள்ளே இருந்தவர்கள் அப்படியே இருந்திருப்பார்கள்.

அவர் கடனுக்காக நேரடியாகச் செய்வது ஒன்றே ஒன்றுதான். பிக் பென் கடிகாரத்தின் முள்ளைப் பின்னால் தள்ளிச் சில நிமிஷங்கள் வாங்கித் தருகிறார்.

மற்றபடி வீட்டைக் காப்பாற்றும் என்று நம்பி அப்பா தேடுவது ஒரு பங்குப் பத்திரம். மேஜை, அலமாரி, பரண் எல்லாவற்றையும் கவிழ்த்துப் பார்க்கிறார், கிடைக்கவில்லை. அவரே எப்போதோ அதன் பின்பக்கத்தில் கேட்டையும் பிள்ளைகளையும் படமாக வரைந்திருக்கிறார், பத்திரம் என்று தெரியாமல் குப்பையில் போட்டும்விட்டார். ஜார்ஜி அதை எடுத்து, கிழிந்துபோன பழைய பட்டத்துக்கு ஒட்டுப் போட்டிருக்கிறான். குப்பைக்குப் போன தாளில் அவன் பார்த்தது அம்மாவை மட்டும்தான், அதனால்தான் அது பிழைத்தது. பத்திரத்தில் கையெழுத்து இருந்த துண்டு மட்டும் கிடைக்காமல் போக, அதற்கப்புறம் அந்த இரண்டு பென்னிக்கு வேலை வருகிறது. அதைக் கொண்டுவருகிற கிழவர் டிக் வான் டைக், முதல் படத்தில் ஆடிப் பாடியவர், இதில் நடிக்கும்போது வயது 91, மேஜை மேல் ஏறி ஆடுகிறார்.

கேள்வி: இந்தக் கதைகளை எழுதியவரும் சின்ன வயசிலேயே அப்பாவை இழந்தவர் என்கிறார்களே? (நூலகர், யாழ்ப்பாணம்)

பதில்: ஆமாம். பி. எல். டிராவர்ஸ் ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்தில் 1899-இல் பிறந்தவர், இயற்பெயர் ஹெலன் லிண்டன் காஃப். அப்பா டிராவர்ஸ் காஃப் வங்கி மேலாளராக இருந்து பதவி இறக்கப்பட்டவர், 1907-இல் இறந்துவிட்டார், அப்போது மகளுக்கு ஏழு வயது. அப்பாவின் முதல் பெயரைத்தான் பின்னால் தன் பெயராக வைத்துக்கொண்டார். கதைகளில் வங்கியும், அதில் வேலை பார்த்து வாடிப்போகிற அப்பாவும் ஏன் வருகிறார்கள் என்று இப்போது தெரிகிறதல்லவா?

அவரே பிற்காலத்தில் சொன்ன ஒரு சம்பவம் உண்டு. அப்பா போன பிறகு ஒரு ராத்திரி, மனசு உடைந்துபோன அம்மா ஓடைக்குப் போகிறேன் என்று சொல்லிவிட்டு வீட்டை விட்டுக் கிளம்பிவிட்டார். வீட்டில் மூன்று பெண் குழந்தைகள் மட்டும். மூத்தவளான இவர் இரண்டு தங்கைகளையும் கணப்புக்குப் பக்கத்தில் உட்காரவைத்துப் போர்வையைச் சுற்றிவிட்டு, மந்திரக் குதிரை ஒன்றின் கதையைச் சொல்ல ஆரம்பித்தார். வெள்ளைக் குதிரை, இறக்கை இல்லாமலே பறக்கும். அம்மா வருவாரா மாட்டாரா என்று தெரியாமலே, கதையை நிறுத்தாமல் சொல்லிக்கொண்டே இருந்தார். அம்மா திரும்பி வந்துவிட்டார்.