உய்குர் கேசட்டுகள்: வாசகர் கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

மியூனிக்கில் என்னுடன் வேலை பார்க்கும் உய்குர் நண்பர் வீட்டில் ஒரு பெட்டி நிறைய கேசட் இருக்கிறது. சீனாவின் சின்ஜியாங் பகுதியில் உய்குர் மக்கள் வாழும் காஷ்கர் நகரில், அவருடைய அப்பா 1990களில் பதிவு செய்த பாட்டுகள். இரைச்சலை நீக்கி யூடியூபில் ஏற்றலாமா என்று கேட்கிறார். யுனெஸ்கோவே அங்கீகரித்த இசைக்கு இந்த மெனக்கெடல் தேவையா?

– ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

கட்டாயம் தேவை. உய்குர்களின் மரபிசைத் தொகுப்பான முக்காமை 2005இல் யுனெஸ்கோ அங்கீகரித்தது உண்மைதான். ஆனால் இன்று மேடையில் கேட்கும் பன்னிரண்டு முக்காம், 1950களில் முக்காம் கலைஞர் துர்தி ஆகூன் பாடியதைப் பதிவு செய்து, 1960இல் சுரக்குறிப்பாக அச்சிட்டு, பிறகு அரசுக் குழுக்களுக்காகத் திருத்திய வடிவம். மெஷ்ரெப் என்ற வீட்டுக் கூடுகைகளில் பாடியது அதில் இல்லை. திரும்பப் போய்ப் பதிவு செய்யவும் வழியில்லை. மசார் எனும் புனிதர் அடக்கத்தலங்களையும் நாட்டார் வழக்காறுகளையும் ஆய்ந்த உய்குர் அறிஞர் ராஹிலே தாவுத் 2017 இறுதியில் காணாமல் போனார். அவருக்குச் சீனாவில் ஆயுள் தண்டனை விதித்தது 2023இல்தான் வெளியே தெரிந்தது.

இரைச்சல் நீக்கம் இப்போது வேண்டாம். வில்லால் வாசிக்கும் நீண்ட கழுத்துத் தந்தி வாத்தியமான சத்தாரில் வில் படுவது ஒரே தந்தியில். மற்றவை தாமாக அதிரும். அந்த மெல்லிய அதிர்வும் தாப் என்ற கைப்பறையின் இரும்பு வளையச் சத்தமும் டேப்பின் 'ஸ்ஸ்' ஒலியோடு கலந்தே இருக்கும். மென்பொருள் எல்லாவற்றையும் சேர்த்துத் துடைத்துவிடும். மூலப் பதிவை 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் வேவ் கோப்பாக வையுங்கள். ஸ்டீரியோவில் மணிக்கு சுமார் 2 ஜிபி. சுத்தம் செய்வதெல்லாம் பிரதியில்.

கேசட்டை ஒருமுறை முழுக்க ஓட்டி, திருப்பிச் சுற்றிவிட்டு ஆரம்பியுங்கள். சத்தம் மந்தமாக வந்தால் நடுவிலுள்ள கம்பளித் துண்டு இருக்கிறதா பாருங்கள். பசை காய்ந்து அது விழுந்திருந்தால், ஒலியைப் படிக்கும் ஹெட்டின் மேல் டேப் சரியாகப் படாது. டேப்பை ஸ்க்ரூ வைத்த வேறு கூட்டுக்கு மாற்றவேண்டும். துண்டு சரியாக இருந்தும் மந்தம் என்றால் ஹெட்டின் சாய்வுதான். உச்ச ஒலிகள் தெளியும்வரை அதன் ஸ்க்ரூவை மெல்லத் திருப்புங்கள், ஒவ்வொரு கேசட்டுக்கும்.

பலர் கோட்டை விடுவது வேகத்தில். கேசட்டை ஓட்டும் டெக் 3 சதவீதம் வேகமாக ஓடினாலே சுருதி அரைச்சுரத்தில் பாதி ஏறிவிடும். பாட்டை வைத்து இதைக் கண்டுபிடிக்க முடியாது. பாடகர்கள் எந்த நிலைச் சுருதிக்கும் கட்டுப்பட்டவர்கள் இல்லை. பதிவில் மின்சார முனகல், அதாவது மின்இணைப்பிலிருந்து ஏறும் 'ம்ம்' ஒலி, இருந்தால் பிழைத்தோம். அங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். டேப்பிலிருந்து வரும் முனகல் 51.5இல் தெரிந்தால் வேகம் 3 சதவீதம் கூடுதல். உங்கள் டெக்கின் சொந்த முனகல் எப்போதும் 50இலேயே நிற்கும், குழப்பிக்கொள்ளாதீர்கள்.

யூடியூப் பற்றி நான் கண்டிப்பாகவே சொல்கிறேன்: அவசரப்படக் கூடாது. பாடியவர்களோ பிள்ளைகளோ இன்னும் காஷ்கரில் இருக்கலாம். பெயரை மறைத்தாலும் குரல் காட்டிக்கொடுக்கும். மதப் பாடல் என்றால் ஆபத்து இன்னும் அதிகம். பெயர், ஊர், தேதி எல்லாவற்றையும் பூட்டிய தனிக் கோப்பில் எழுதி, ஒரு பிரதியை நண்பரின் வீட்டுக்கு வெளியே வையுங்கள்.

அப்பாவை அருகில் உட்காரவைத்து ஒவ்வொரு கேசட்டாகப் போட்டுக் காட்டி, அவர் சொல்வதையும் பதியச் சொல்லுங்கள். யார் பாடியது, என்ன விசேஷம், தாளக் கட்டில்லாமல் வரும் முகத்திமே என்ற முன்னுரைப் பகுதியில் பாடகர் எந்தக் கவிதையை எடுத்துக்கொண்டார் என்பதெல்லாம் டேப்பில் இல்லை, அவரிடம்தான் இருக்கிறது. முதலில் அதைச் செய்யுங்கள். டேப் இன்னும் சில மாதம் தாங்கும்.