ஆவணப்படம்: கேமராவைப் பார்த்ததும் கிராமத்து மக்கள் ஒப்பிப்பதுபோலப் பேசுகிறார்கள், என்ன செய்வது?

பெரும்பாலும் காரணம் கேமரா இல்லை, பக்கத்தில் நிற்கும் ஆள். உங்களை அழைத்துப்போன ஊர்ப் பெரியவரோ தொண்டு நிறுவனக்காரரோ அருகில் இருந்தால், அவருக்குப் பிடித்த பதில்தான் வரும். அவரைக் காதுக்கு எட்டாத தூரத்துக்கு அனுப்பிவிடுங்கள்.

"உங்கள் கஷ்டம் என்ன?" என்று கேட்டால் மனுக் கொடுப்பதுபோலப் பேசுவார்கள். "இன்றைக்கு எழுந்ததிலிருந்து என்னென்ன செய்தீர்கள்?" என்று கேளுங்கள். கூடை முடைந்துகொண்டோ வலை பிரித்துக்கொண்டோ இருக்கும்போது கேட்டால் இன்னும் நல்லது. கை ஓடும்போது வாய் தானாகத் திறக்கும்.

தரையில் உட்கார்ந்திருப்பவரை நின்றபடி எடுக்காதீர்கள், படத்தில் அவர் கெஞ்சுவதுபோலத் தெரியும். கேமராவை அவர் கண்மட்டத்துக்கு இறக்குங்கள். குடிசை வாசலில் வெளிவெளிச்சம் பின்னால் இருந்தால் ஆட்டோ எக்ஸ்போஷர் (கேமரா தானாகவே வெளிச்ச அளவைச் சரிசெய்வது) முகத்தை இருட்டாக்கிவிடும். முகத்தில் விழும் வெளிச்சத்துக்கு அளந்து, எக்ஸ்போஷரை மாறாதபடி பூட்டிவிடுங்கள். காலர் மைக் தாடைக்குக் கீழே ஒரு சாண் தள்ளி, துணி உரசாதபடி. பேச்சு முடிந்ததும் 30 விநாடி அந்த இடத்தின் வெறும் ஒலியைப் பதிவு செய்யுங்கள், எடிட்டிங்கில் வெட்டு தெரியாமல் ஒட்ட அதுதான் கைகொடுக்கும்.

படத்தில் காட்டுவதற்குப் பேசியவரின் ஒப்புதலை அவர் பேச்சுமொழியிலேயே கேமராவில் வாங்குங்கள். படம் இணையத்தில் வந்தால் அவருடைய முதலாளியும் பார்ப்பார் என்பதைச் சொல்லித்தான்.