தம்பியின் கையெழுத்து மட்டும் போதுமா?

கேள்வி: ஒரு தையல்காரரின் அன்றாட வாழ்க்கையை, பல மாதம் கூடவே இருந்து, நானும் என் தம்பியும் ஆவணப்படமாக எடுத்திருக்கிறோம். கேமரா தம்பி, ஒலிப்பதிவும் எடிட்டிங்கும் நான். செலவு பாதிப் பாதி. எழுத்தில் எதுவும் இல்லை. விநியோக ஏஜென்ட் ஒருவர், "இயக்குநர் உங்கள் தம்பிதானே, அவர் கையெழுத்து போதும்" என்கிறார். எனக்கு உரிமையே கிடையாதா?

பதில்: உரிமை கேட்க உங்களுக்கு வலுவான நியாயம் இருக்கிறது. முதல் வேலையாக, இப்போதைக்கு எதிலும் கையெழுத்துப் போட வேண்டாம் என்று தம்பியிடம் சொல்லிவிடுங்கள்.

பதிவு செய்யாவிட்டாலும் பதிப்புரிமை உண்டு. அது யாருக்கு என்பதில்தான் சிக்கல். இந்தியச் சட்டம் தயாரிப்பாளரைப் படத்தின் ஆசிரியராக எடுத்துக்கொள்கிறது; பிரிட்டிஷ் சட்டம் தயாரிப்பாளரோடு முதன்மை இயக்குநரையும் சேர்த்துக்கொள்கிறது. எடிட்டரை இரண்டும் கண்டுகொள்வதில்லை. திரைக்கதை இல்லாமல், நடப்பதை நடந்தபடி எடுத்த படம் எடிட்டிங்கில்தான் உருவம் பெறுகிறது. தையல்காரர் ஊசியில் நூல் கோக்கும் அந்த அரை நிமிடத்தை முழுசாக விடுவதா, வெட்டுவதா என்று தீர்மானித்தது நீங்கள்தானே? இது சட்டம் எழுதுகிறவர்களுக்கு இத்தனை காலமாகியும் உறைக்கவில்லை.

அதனால் 'எடிட்டர்' என்ற பெயரோடு ஒதுங்கிவிடாதீர்கள். இயக்கம், தயாரிப்பு இரண்டிலும் இருவர் பெயரும் வர வேண்டும். அமெரிக்காவில் ஆவணப்படம் எடுத்த மேசில்ஸ் சகோதரர்களில் அண்ணன் ஆல்பர்ட் கேமரா பிடித்தார், தம்பி டேவிட் ஒலியைப் பார்த்துக்கொண்டார். அவர்களுடைய 'சேல்ஸ்மேன்' (1969) படத்தில் எடிட்டர் ஷார்லட் ஸ்வெரினும் இயக்குநர்களில் ஒருவர்.

இனி ஏஜென்ட். 'உலகம் முழுவதும், எல்லா ஊடகங்களிலும், என்றென்றைக்கும்' என்று ஒரு வரி இருக்கும், தேடிப் பாருங்கள். இருந்தால் படம் உங்கள் கையை விட்டுப் போயிற்று என்று அர்த்தம். அடுத்தது 'செலவு போக மீதி': செலவுக்கு உச்சவரம்பு போடாவிட்டால் மீதி என்று எதுவும் வராது. பயன்படுத்தாத ஃபுட்டேஜையும் சேர்த்துக் கேட்பார்கள், கொடுக்காதீர்கள். முன்பணம் கட்டச் சொன்னால் பேச்சை அங்கேயே முடித்துக்கொள்ளுங்கள். விற்பவர் உங்களிடம் ஏன் காசு வாங்க வேண்டும்?

ஒரு விதிவிலக்கை மட்டும் நன்றாகப் புரிந்துகொள்ளுங்கள். கூட்டு உரிமை என்றால் இருவரும் சம்மதிக்க வேண்டும் என்பது பிரிட்டனில் சரி. அமெரிக்கச் சட்டம் அப்படியில்லை. அங்கே கூட்டு உரிமையாளரில் ஒருவர், மற்றவரைக் கேட்காமலே திரையிடும் அனுமதி தரலாம். 'உங்களுக்கு மட்டும்' என்ற தனி உரிமையைத்தான் தனியாகத் தர முடியாது. வந்த பணத்தில் மற்றவருக்குப் பங்கு கொடுத்தாக வேண்டும், அவ்வளவுதான். ஆகவே ஒப்பந்தத்தில் எந்த நாட்டுச் சட்டம் பொருந்தும் என்று எழுதியிருக்கிறது என்பதைக் கட்டாயம் பாருங்கள். ஏஜென்டின் தைரியத்துக்குக் காரணம் அதில் இருக்கலாம்.

அப்புறம், நீங்களும் தம்பியும் ஒரு பக்கத்தில் எழுதிக்கொள்ளுங்கள்: யாருக்கு எவ்வளவு பங்கு, டைட்டிலில் யார் பெயர் எப்படி, ஹார்டு டிஸ்க் யாரிடம், ஒருவர் விலகினால் என்ன. கூடப்பிறந்தவனிடம் பத்திரமா என்று தயங்க வேண்டாம். சண்டை வருவதற்கு முன்னால்தான் இதை எழுத முடியும். தையல்காரரின் எழுத்துப்பூர்வ சம்மதத்தையும் கையோடு வாங்கிவிடுங்கள்.

இருவர் பெயரும் போட்ட ஒப்பந்த நகலை மின்னஞ்சலில் அனுப்பும்படி ஏஜென்டிடம் கேளுங்கள். மறுத்தால் வேறு ஆளைப் பாருங்கள்.