யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டே சுயாதீனத் திரைப்படங்களில் குணசித்திர நடிகராக நிலைக்க முடியுமா?

நிலைக்கலாம், ஆனால் அதை மட்டும் நம்பிச் சீவியம் நடத்துவது கடினம். யாழ்ப்பாணத்தை அடுத்த அல்லைப்பிட்டியில் பிறந்த அன்ரனிதாசன் யேசுதாசன், ஷோபாசக்தி என்ற பெயரில் எழுத்தாளராக அறியப்பட்ட பின்னர், 'செங்கடல்' படத்தில் நடித்து, 2015இல் கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப்பனையை வென்ற 'தீபன்' படத்தின் முதன்மை வேடத்தை அடைந்தார். அவர் அதற்கு வெகுகாலம் முன்பே பிரான்சில் குடியேறிவிட்டார் என்பதையும் கணக்கில் எடுக்க வேண்டும்.

இங்கே பெரும்பாலானோர் நாடக மேடையிலிருந்து வருகிறார்கள். கடைசி வரிசைவரை கேட்கப் பழகிய குரலைச் சட்டைக்குள் மறைத்த சிறிய ஒலிவாங்கிக்கு ஏற்பத் தாழ்த்துவதே அவர்களுக்கு முதற்சிரமம். சிறிய படங்களில் துணை வேடத்துக்கு இரண்டு மூன்று நாட்களே ஒதுக்கப்படுவதால், தேநீர்க் கோப்பையை எந்தச் சொல்லில் தூக்கினாரோ, அதே காட்சியை வேறு கோணத்தில் மீண்டும் எடுக்கும்போதும் அதே சொல்லில் தூக்கி, நேரத்தை வீணாக்காதவரையே இயக்குநர் மறுபடியும் அழைக்கிறார்.